அளவறிந்து எழுதியவர்



இன்று மாலை ஓர் எழுத்தாளரைப் பற்றிப் பேசப் போகிறேன். பெயர் எரிக் குரோசியர். 1914இல் பிறந்த ஆங்கிலேயர், 1994இல் மறைந்தார். அவரை இந்த மண்டபத்தில் பலருக்குத் தெரிந்திருக்காது. அதில் வெட்கப்பட ஒன்றும் இல்லை. அவர் ஊர்க்காரர்களிலும் பலருக்குத் தெரியாது. உலகத்தில் தொலைக்காட்சி நாடகம் கண் விழித்த காலத்தில் அந்த வேலையைச் செய்த சிலரில் அவர் ஒருவர். பிறகு ஓபரா என்ற இசைநாடக மேடைக்கு வந்தார். பெஞ்சமின் பிரிட்டென் என்ற பெரிய இசையமைப்பாளருக்கு ஓபரா எழுதிக் கொடுத்தார். பாடுவதற்கான அந்த நாடகப் பிரதியை லிப்ரெட்டோ என்பார்கள். குரோசியர் எழுதிய லிப்ரெட்டோக்கள் இன்றும் மேடை ஏறுகின்றன.

இத்தனை பேர் இருக்க, இவரைப் பற்றி எதற்காகப் பேச வேண்டும்?

காரணம் இருக்கிறது. எழுத்து உலகத்திலும் நாம் மேல் கீழ் வைத்திருக்கிறோம். தன் மனத்துக்குத் தோன்றியதை எழுதுகிறவர் மேல். பிறர் கேட்டதற்கு எழுதிக் கொடுக்கிறவர் கீழ். ஒருவர் வந்து, ‘நான் தொலைக்காட்சித் தொடருக்கு வசனம் எழுதுகிறேன்’ என்று சொன்னால் நாம் என்ன கேட்கிறோம்? ‘அது சரி, சொந்தமாக ஏதாவது எழுதியிருக்கிறீர்களா?’ என்று கேட்கிறோம். கேட்கிறோமா இல்லையா? மெட்டுக்குப் பாட்டா, பாட்டுக்கு மெட்டா என்ற வழக்கு நம் ஊரில் இன்னும் தீரவில்லை. அந்த வழக்கில் மெட்டுக்கு எழுதியவர்தான் எப்போதும் குற்றவாளிக் கூண்டில் நிற்கிறார்.

தேவைக்கு எழுதுவது தாழ்வா? இதுதான் இன்றைய கேள்வி. இல்லை என்பது என் கட்சி. என் கட்சிக்குச் சாட்சி எரிக் குரோசியர்.

முதலில் அவர் தொழில் பழகிய இடத்துக்குப் போவோம்.

1936 நவம்பர் 2. லண்டனின் வடக்குப் பக்கம், ஒரு குன்றின்மேல் அலெக்சாண்ட்ரா மாளிகை. அங்கிருந்து பி.பி.சி. தன் தொலைக்காட்சி ஒளிபரப்பைத் தொடங்கியது. அங்கே நாடகம் தயாரிக்க வந்த இளைஞர்களில் ஒருவர் குரோசியர். அப்போது அவருக்கு இருபத்திரண்டு வயதை ஒட்டி இருக்கும். அந்த நாளில் தயாரிப்பாளர் என்றால் பணம் போடுகிறவர் அல்ல. நாடகத்தைத் தேர்ந்தெடுத்து, சுருக்கி, நடிகரைப் பழக்கி, காமிரா எங்கே நிற்க வேண்டும் என்று முடிவு செய்து, ஒளிபரப்பின்போது எல்லாவற்றையும் நடத்திக் கொடுக்கிறவர்.

அங்கே என்ன வசதி இருந்தது? இரண்டே இரண்டு ஸ்டுடியோ. ஒவ்வொன்றும் ஏறத்தாழ 70 அடி நீளம், 30 அடி அகலம். நம் கல்யாண மண்டபங்களில் பந்தி போடும் கூடம் அதைவிடப் பெரிதாக இருக்கும். அந்த இடத்துக்குள் அரண்மனையும் வர வேண்டும், ஆற்றங்கரையும் வர வேண்டும், நடிகர்களும் வர வேண்டும், காமிராக்களும் அவற்றின் கேபிள்களும் வர வேண்டும்.

இன்னொன்று. பதிவு செய்து வைக்கும் வசதி கிடையாது. நாடகம் நடக்க நடக்க வீடுகளுக்குப் போகும். வசனம் மறந்தால் மறந்ததுதான். தட்டிக் கீழே விழுந்த நாற்காலி விழுந்ததுதான். அதே நாடகத்தை அந்த வாரத்தில் மறுபடி காட்ட வேண்டுமா? நடிகர்கள் மறுபடி வந்து, முதலிலிருந்து மறுபடி நடிப்பார்கள்.

இப்போது எண்ணிப் பாருங்கள். கதாநாயகி வீட்டுக் கூடத்தில் அழுதுகொண்டிருக்கிறாள். அடுத்த காட்சியில் அவள் மேல்கோட்டு அணிந்து ரயில் நிலையத்தில் நிற்க வேண்டும். சினிமாவாக இருந்தால் வெட்டி ஒட்டலாம். இங்கே எப்படி முடியும்? அவள் ஸ்டுடியோவின் இந்த மூலையிலிருந்து அந்த மூலைக்கு ஓசைப்படாமல் ஓட வேண்டும். அதுவரை காமிரா வேறு யாரையாவது காட்டிக்கொண்டிருக்க வேண்டும். அந்த வேறு யாரோ ஏதாவது பேச வேண்டும். எவ்வளவு நேரம் பேச வேண்டும்? அவள் கோட்டு மாட்டிக்கொள்ள ஆகும் நேரம்! அந்தப் பேச்சு வெறும் இட்டு நிரப்பலாக இருந்தால் பார்ப்பவருக்குத் தெரிந்துவிடும். கதையை ஓர் அடியாவது முன்னே தள்ள வேண்டும். கோட்டு மாட்டும் நேரத்துக்கு வசனம், ஆனால் கோட்டுக்காக எழுதியது என்று யாருக்கும் தெரியக்கூடாத வசனம். அந்த நாள் தொலைக்காட்சி நாடகத்தின் பாலபாடம் இதுதான்.

திரையும் சின்னது. வீட்டுப் பெட்டியில் படத்தின் அகலம் 10 அங்குலம் இருந்தாலே பெரிது. கூட்டத்தைக் காட்டினால் எறும்புக் கூட்டமாகத் தெரியும். ஒரு முகத்தைக் காட்டினால்தான் நாடகம் தெரியும். மேடையில் பத்து வரி பேசிப் புரியவைக்க வேண்டியதை முகம் ஒரு நொடியில் சொல்லிவிடும். அப்படியானால் அந்தப் பத்து வரி எதற்கு? அடித்துவிடு! எழுதுகிற கைக்கு அடிக்கவும் தெரிய வேண்டும்.

1939 செப்டம்பர் 1ஆம் தேதி, போர் மூளும் நேரத்தில், ஒளிபரப்பை நிறுத்தினார்கள். 1946 ஜூன் வரை அந்தத் திரை இருட்டு. அதற்குமுன் அங்கே நடந்த நாடகங்களில் ஒன்றுகூட ஒளிபரப்பான வடிவத்தில் முழுதாகப் பதிவாகி எஞ்சவில்லை. மூன்று ஆண்டு உழைப்பு காற்றோடு போயிற்று. ஆனால் கையில் தொழில் தங்கியது.

அந்தத் தொழில் அடுத்து எங்கே போயிற்று?

ஓபராவுக்குப் போயிற்று. போர்க்காலத்தில் சாட்லர்ஸ் வெல்ஸ் ஓபரா குழு ஊர் ஊராகச் சுற்றிக்கொண்டிருந்தது. குரோசியர் அங்கே இயக்குநரானார். செக் இசையமைப்பாளர் ஸ்மெத்தனாவின் ‘விற்கப்பட்ட மணமகள்’ ஓபராவை, பாடகி ஜோன் கிராஸோடு சேர்ந்து ஆங்கிலத்தில் பாடும்படி மொழிபெயர்த்தார். பாட்டை மொழிபெயர்ப்பது கடும் வேலை. பொருள் மட்டும் வந்தால் போதாது. சுவரம் நீளும் இடத்தில் நெடில் விழ வேண்டும். குரல் உச்சிக்கு ஏறும்போது வாய் திறக்கும் எழுத்து வேண்டும். ‘ஆ’ என்ற ஒலியில் எவ்வளவு நேரமும் நிற்கலாம்; வல்லின ஒற்றில் யார் நிற்க முடியும்? இந்த மண்டபத்தில் பாடத் தெரிந்தவர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை.

பிறகு வந்தது 1945 ஜூன் 7. ஐரோப்பாவில் போர் முடிந்து ஒரு மாதம். லண்டனில் சாட்லர்ஸ் வெல்ஸ் அரங்கம் மறுபடி திறக்கிறது. திறப்பு நாளில் புது ஓபரா, ‘பீட்டர் கிரைம்ஸ்’. இசை பெஞ்சமின் பிரிட்டென். கடற்கரைச் சிற்றூர் ஒன்று, தன்னோடு ஒட்டாத ஒரு மீனவனைத் துரத்தித் துரத்தி அழிக்கும் கதை. இயக்கியவர் எரிக் குரோசியர். ஆங்கில ஓபராவுக்கு அது மறுபிறப்பு என்று இன்றும் சொல்கிறார்கள்.

அதன் லிப்ரெட்டோவை எழுதியவர் மாண்டேகு ஸ்லேட்டர். இசைக்காகவும் மேடைக்காகவும் அவர் வரிகளைப் பலர் கை வைத்துத் திருத்தினார்கள். ஸ்லேட்டருக்கு அது ஒப்பவில்லை. அடுத்த ஆண்டு அவர் ‘பீட்டர் கிரைம்ஸ்’ பிரதியைத் தம் விருப்பப்படியே கவிதை நூலில் அச்சிட்டார். அதாவது, ‘நீங்கள் பாடுவது உங்களுடையது, நான் எழுதியது இதோ’ என்று தனியே எடுத்துக் காட்டினார். ஓர் எழுத்தாளனின் மானம் அது. நான் குறை சொல்ல மாட்டேன். ஆனால் அன்பர்களே, உலகம் எதைப் பாடுகிறது? பலர் கை பட்டு மேடையில் நின்றதைத்தான் பாடுகிறது. குரோசியர் இதை அருகிலிருந்து பார்த்தார்.

இனி அவரே எழுதப் போகும் இடத்துக்கு வருவோம். அங்கேயும் முதலில் வந்து நின்றது ஒரு தட்டுப்பாடு.

‘பீட்டர் கிரைம்ஸ்’ வெற்றி பெற்றது, ஆனால் குழுவுக்குள் பூசல். பிரிட்டென், பாடகர் பீட்டர் பியர்ஸ், ஜோன் கிராஸ், குரோசியர் ஆகியோர் வெளியே வந்தார்கள். கையில் பெரிய அரங்கம் இல்லை, பெரிய வாத்தியக் குழு இல்லை, பணம் இல்லை. பெரிய ஓபரா என்றால் அறுபது எழுபது வாத்தியக்காரர்கள், பெரிய கோரஸ், லாரி லாரியாகத் திரைச்சீலை. இவர்களால் எப்படி முடியும்? முடியாது. அப்படியானால் வேறு அளவில் செய்வோம் என்று துணிந்தார்கள். எட்டுப் பாடகர், பன்னிரண்டு வாத்தியக்காரர். அந்த அளவில் வந்தது ‘லுக்ரீஷியா’. 1946இல் கிளைண்ட்போர்ன் என்ற ஓபரா அரங்கில் அரங்கேற்றம். எழுதியவர் ரொனால்ட் டங்கன், இயக்கியவர் குரோசியர். ஊர் ஊராகக் கொண்டுபோனார்கள், பெருநஷ்டம். கிளைண்ட்போர்ன் உரிமையாளர் ஜான் கிறிஸ்டி கை விரித்தார். பிரிட்டெனும் குரோசியரும் ஓவியர் ஜான் பைப்பரும் சேர்ந்து 1947இல் இங்கிலீஷ் ஓபரா குரூப் என்ற தனிக் குழுவைத் தொடங்கினார்கள்.

தொடங்கியாயிற்று. நடத்துவதற்கு ஓபரா வேண்டுமே, யார் எழுதுவது? குரோசியரே எழுதினார். அதுவரை அவர் ஒரு லிப்ரெட்டோவும் எழுதியதில்லை. பிறந்தது ‘ஆல்பர்ட் ஹெரிங்’.

மூலக்கதை பிரெஞ்சு எழுத்தாளர் மாப்பசானுடையது. பிரான்சில் ஒரு சிற்றூர். ஊரில் ஒழுக்கமான பெண் ஒருத்திக்கு முடிசூட்டிப் பரிசு கொடுக்க வேண்டும் என்று ஒரு சீமாட்டிக்கு ஆசை. தேடிப் பார்த்தால் ஒருத்தியும் தேறவில்லை. கடைசியில் ஒரு பையனைப் பிடித்து முடிசூட்டுகிறார்கள். பரிசுப் பணம் கைக்கு வந்ததும் பையன் பாரிசுக்குப் போகிறான், குடிக்கிறான், குடித்துக் குடித்தே சாகிறான். மாப்பசானின் சிரிப்பு எப்படிப்பட்டது என்று உங்களுக்குத் தெரியும். சிரித்து முடிக்குமுன் வயிற்றைக் கலக்கும்.

குரோசியர் என்ன செய்தார்? கதையை இங்கிலாந்தின் சஃபோக் பகுதிக்குக் கொண்டுவந்தார். காய்கறிக் கடைக்காரியின் மகன் ஆல்பர்ட். அம்மா கிழித்த கோட்டைத் தாண்டாத பிள்ளை. ஊர்ப் பெரிய மனிதர்கள் கூடி அவனை மே மாத ராஜாவாக்கி 25 பவுன் பரிசு கொடுக்கிறார்கள். நண்பன் சிட் அவனுடைய எலுமிச்சைப் பானத்தில் ரம் ஊற்றிவிடுகிறான். அன்று இரவு ஆல்பர்ட் காணாமல் போகிறான். செத்தே போனான் என்று ஊர் கூடி ஒப்பாரி வைக்கும்போது, அவன் அழுக்குச் சட்டையோடு வந்து நிற்கிறான். ஊர் கோபித்துக்கொள்கிறது. அவனோ முதல் முறையாகத் தன் அம்மாவுக்கு எதிர்ப்பேச்சுப் பேசுகிறான். மாப்பசான் பையனைக் கொன்றார். குரோசியர் அவனை வளர்த்தார்.

இதில் தொழிலைப் பாருங்கள். மூன்று இடத்தைக் காட்டுகிறேன்.

முதல் இடம், விருந்து. ஊர்ப் பெரியவர்கள் ஆளுக்கொரு நீளமான வாழ்த்துரை வழங்குகிறார்கள். சீமாட்டியின் உரைக் குறிப்புகள் குழம்பிப்போய், தேசபக்தியும் சுத்தமும் ஒழுக்கமும் தாறுமாறாகக் கலந்து கொட்டுகின்றன. பிறகு ஆல்பர்ட் பதில் சொல்ல எழுந்து நிற்கிறான். அவனுக்கு வார்த்தை வரவில்லை. திக்கித் திணறி ஒரு நன்றி, அவ்வளவுதான். ஒரு பெரிய பாடகருக்கு எழுதிய கதாநாயகன் பாத்திரம் அது. அவர் பாடப் போகிறார் என்று எல்லோரும் எதிர்பார்க்கும் இடத்தில் அவர் வாயை அடைத்துவிடுகிறார் குரோசியர். அத்தனை பேச்சுக்கு நடுவே பேசத் தெரியாதவன்மேல்தான் நம் கண் போகிறது. பத்து அங்குலத் திரையில் முகத்தைக் காட்டப் பழகியவர் அல்லவா?

இரண்டாம் இடம், அந்த ரம். ஆல்பர்ட் தெரியாமல் ஒரே மூச்சில் குடிக்கிறான். எழுத்தாளர் அங்கே நகைச்சுவை வசனம் வைத்திருக்கலாம். வைக்கவில்லை. சந்தர்ப்பத்தை மட்டும் அமைத்துக் கொடுத்துவிட்டு ஒதுங்கிக்கொண்டார். பிரிட்டென் அந்த இடத்தில் வாக்னரின் ‘டிரிஸ்டன்’ ஓபராவில் காதல் மருந்துக்கு வரும் புகழ்பெற்ற சுவரக்கட்டை எடுத்துப் போட்டார். ஓபரா தெரிந்தவர்கள் அரங்கத்தில் குலுங்கிச் சிரிப்பார்கள். காவியக் காதலர் குடித்த மருந்து எங்கே, இந்தக் காய்கறிக் கடைப் பையன் குடித்த எலுமிச்சைப் பானம் எங்கே! சிரிப்பு இசையமைப்பாளருடையது. அதற்கு இடம் விட்டது எழுத்தாளர்.

மூன்றாம் இடம், ஒப்பாரி. ஒன்பது பேர் பாடுகிறார்கள். ஒன்பது பேருக்கும் தனித்தனி அடிகள். அம்மா அம்மாவாக அழுகிறாள், பாதிரியார் பாதிரியாராக, போலீஸ்காரர் போலீஸ்காரராக. பிறகு எல்லாம் ஒன்றன்மேல் ஒன்றாக ஏறி ஒரே பேரொலியாகிறது. ஒன்பது பேர் சேர்ந்து பாடும்போது எந்தச் சொல்லும் தெளிவாகக் கேட்காது. இது தெரிந்துதானே முதலில் ஒவ்வொருவரையும் தனியாகப் பாடவிட்டார்? ஆளை அடையாளம் காட்டிவிட்டுப் பிறகு கூட்டத்தில் கலந்தார். இது கவிதை எழுதும் கையா, கணக்குப் போடும் கையா? இரண்டும் ஒரே கைதான் என்கிறேன் நான்.

1947 ஜூன் 20 அன்று கிளைண்ட்போர்னில் அரங்கேற்றம். இடத்துக்குச் சொந்தக்காரர் கிறிஸ்டிக்கு ஓபரா பிடிக்கவில்லை. வந்த விருந்தினர்களிடமே, ‘இது நம் மாதிரி சரக்கு அல்ல’ என்ற பொருளில் சொல்லிக்கொண்டு நின்றாராம். மளிகையும் காய்கறியும் ஓபராவில் வருவதா என்ற முகச்சுளிப்பு! அந்தக் காய்கறிக் கடை இன்று உலகம் முழுதும் மேடை ஏறுகிறது. இசைக் கல்லூரி மாணவர்கள் விரும்பி எடுத்து நடத்துகிறார்கள். ஏன்? பன்னிரண்டு வாத்தியக்காரர் போதும், ஒவ்வொரு பாத்திரமும் நல்ல பாத்திரம். பணம் இல்லாத குழுவுக்காக எழுதியது, பணம் இல்லாத எல்லாக் குழுவுக்கும் உதவுகிறது.

அதே கோடையில் குழு ஐரோப்பாவுக்குப் போயிற்று. கைதட்டல் கிடைத்தது, செலவுக்குத்தான் காணவில்லை. கார்ப் பயணத்தில் பியர்ஸ் ஒரு யோசனை சொன்னார். இவ்வளவு தூரம் வந்து பாடுவதற்குப் பதில் நம் ஊரிலேயே ஒரு விழா எடுத்தால் என்ன? பிரிட்டெனும் குரோசியரும் பிடித்துக்கொண்டார்கள். 1948 ஜூனில் கிழக்குக் கடற்கரை மீனவச் சிற்றூரான ஆல்டுபரோவில் முதல் விழா நடந்தது. இன்றுவரை நடக்கிறது.

விழாவுக்கும் எழுத்து வேண்டுமே? முதல் நாளில் ஊர்த் தேவாலயத்தில் ‘செயின்ட் நிக்கலஸ்’. இசை பிரிட்டென், எழுத்து குரோசியர். பியர்ஸ் படித்த பள்ளியின் நூற்றாண்டுக்காகக் கேட்டு எழுதியது. தேவைகளைக் கேளுங்கள். முக்கியமான குரல் ஒன்றுக்குத்தான் தொழில்முறைப் பாடகர். மற்றவர்கள் பள்ளிப் பிள்ளைகளும் உள்ளூர்க்காரர்களும். குரோசியரும் பிரிட்டெனும் நிக்கலஸ் என்ற அந்தப் புனிதரின் வாழ்க்கையைச் சின்னச் சின்னக் காட்சிகளாகப் பிரித்தார்கள். கதையில், கொன்று உப்பில் போட்ட மூன்று சிறுவர்கள் உயிர்த்தெழ வேண்டும். நிஜமான மூன்று சிறுவர்கள் பாடிக்கொண்டே தேவாலயத்துக்குள் நடந்து வருவார்கள். கேட்க வந்தவர்கள் சும்மா உட்கார்ந்திருக்கக்கூடாது. அவர்களுக்கு ஏற்கெனவே தெரிந்த இரண்டு தேவாலயப் பாடல்களை இடையில் வைத்து எழுந்து நின்று பாடச் செய்தார்கள்.

அடுத்த ஆண்டு, 1949இல், இன்னும் ஒரு படி மேலே. ‘நாம் ஓர் ஓபரா செய்வோம்’. பெயரிலேயே அழைப்பு இருக்கிறது. முதல் பாதியில் சில பெரியவர்களும் பிள்ளைகளும் கூடி ஓர் ஓபரா தயாரிக்கிறார்கள். எப்படி எழுதுகிறார்கள், எப்படி ஒத்திகை பார்க்கிறார்கள் என்று பார்வையாளர் கண்முன் நடக்கிறது. பிறகு பார்வையாளரையே ஒத்திகைக்கு இழுக்கிறார்கள். நான்கு பாட்டுகள் அவர்கள் பாட வேண்டியவை. இரண்டாம் பாதியில் அந்த ஓபரா, ‘புகைபோக்கிச் சிறுவன்’, நடக்கிறது.

1810இல் ஒரு பெரிய வீடு. புகைபோக்கி சுத்தம் செய்ய எட்டு வயது சாமை உள்ளே ஏற்றுகிறார்கள். அவன் மாட்டிக்கொள்கிறான். அந்த வீட்டுப் பிள்ளைகள் அவனை மீட்டு, குளிப்பாட்டி, ஒளித்துவைத்து, ஊருக்கு அனுப்புகிறார்கள். பிள்ளைகளை விற்று வேலை வாங்கிய கொடுமைதான் கதை. அதைப் பிள்ளைகளே பாடுகிறார்கள். இரவுப் பாட்டு ஒன்று வருகிறது. அதற்குப் பார்வையாளரை நான்கு பிரிவாகப் பிரிப்பார்கள். ஒரு பக்கம் ஆந்தை, ஒரு பக்கம் நாரை, ஒரு பக்கம் புறா, ஒரு பக்கம் சிட்டு. மீசை வைத்த மனிதர் ஆந்தையாகக் கூவ வேண்டும்! கூவினார்கள். வாத்தியம் எவ்வளவு? நான்கு தந்திக் கருவி, ஒரு பியானோவில் இருவர், தாளக் கருவி ஒன்று. ஆல்டுபரோவின் சின்னஞ்சிறு ஜூபிலி மண்டபத்துக்கு அதற்குமேல் இடமில்லை.

இடமில்லை என்று அழுதிருக்கலாம் அல்லவா? அழவில்லை. மேடையில் இடமில்லாவிட்டால் கோரஸை நாற்காலியில் உட்காரவைப்போம் என்றார்கள். பார்க்க வந்தவர்களே கோரஸ் ஆனார்கள்.

அன்பர்களே, இதுவரை சின்ன அளவு. இனிப் பெரிய அளவுக்குப் போவோம்.

1951இல் இங்கிலாந்து ஒரு பெரிய தேசிய விழா எடுத்தது. அதற்காகப் பிரிட்டெனிடம் ஓர் ஓபரா கேட்டார்கள். அமெரிக்க எழுத்தாளர் மெல்வில் இறக்கும்போது கையெழுத்துப் பிரதியாக விட்டுப்போன ‘பில்லி பட்’ கதையைத் தேர்ந்தெடுத்தார்கள். எழுத இருவர். ஒருவர் குரோசியர். மற்றவர் யார் தெரியுமா? ‘எ பாசேஜ் டு இந்தியா’ எழுதிய ஈ. எம். ஃபார்ஸ்டர். அந்த நாவல் வந்ததும் மெல்வில்லின் கதை அச்சேறியதும் ஒரே ஆண்டில், 1924இல். ஃபார்ஸ்டருக்கு அப்போது எழுபது வயது. உலகப் புகழ். ஆனால் லிப்ரெட்டோ எழுதியதில்லை. குரோசியருக்கு வயது அதில் பாதி, புகழ் அதில் நூற்றில் ஒன்று. ஆனால் மேடை தெரியும். உணர்ச்சி ஓங்கும் நீண்ட உரைநடைப் பகுதிகள் பெரும்பாலும் ஃபார்ஸ்டர் பக்கம். யார் எப்போது வருவது, எங்கே நிற்பது, எவ்வளவில் முடிப்பது என்ற மேடை வேலை குரோசியர் பக்கம்.

1797, ஒரு போர்க்கப்பல். பில்லி அழகன், நல்லவன், எல்லோருக்கும் பிடித்தவன். ஒரே ஒரு குறை, பதற்றம் வந்தால் திக்குவான். கப்பலில் ஒழுங்கு காக்கும் அதிகாரி கிளாகர்ட் அவன்மேல் கலகக் குற்றம் சாட்டுகிறான். பதில் சொல்ல வேண்டிய நேரத்தில் பில்லிக்கு வாய் வரவில்லை; கை வந்துவிடுகிறது. ஒரே அடி. கிளாகர்ட் சாகிறான். சட்டப்படி தூக்கு. தீர்ப்பைப் பில்லியிடம் சொல்ல கேப்டன் வியர் தனி அறைக்குள் போகிறார்.

அந்த அறைக்குள் என்ன நடந்தது? மெல்வில் சொல்லவில்லை. யாருக்கும் தெரியாது என்று கதவைச் சாத்திவிட்டார். இப்போது ஓபரா எழுதுகிறவர் என்ன செய்வார்? இரண்டு பெரிய பாடகர்கள் இருக்கிறார்கள். கதையின் உச்சம் இது. கையும் காலும் பரபரக்காதா? ஒரு நெடிய பாட்டு எழுதலாமே, கண்ணீர் வரவழைக்கலாமே!

ஒரு சொல்லும் இல்லை. மேடையில் ஒருவரும் இல்லை. வாத்தியக் குழு முப்பத்து நான்கு சுவரக்கட்டுகளை மெல்ல, ஒன்றன்பின் ஒன்றாக எழுப்புகிறது. அவ்வளவுதான். சில ஓங்கி ஒலிக்கும், சில அடங்கி ஒலிக்கும், ஒவ்வொன்றும் வேறு வாத்தியங்களின் நிறத்தில். உள்ளே அழுதார்களா, தழுவிக்கொண்டார்களா, மன்னித்தார்களா? ஒவ்வொருவரும் தம் மனத்துக்கு ஏற்பக் கேட்டுக்கொள்ளலாம். ‘பில்லி பட்’ பற்றிப் பேசுகிற எவரும் முதலில் பேசுவது சொல்லே இல்லாத இந்த இடத்தைத்தான். இரண்டு எழுத்தாளர்கள் உழைத்த ஓபராவில், எழுத்து இல்லாத இடம் உச்சமாக நிற்கிறது. இதை அவர்களின் தோல்வி என்பீர்களா? அந்தக் கதவுவரை நம்மைக் கைப்பிடித்துக் கொண்டுபோய் நிறுத்தியது யார்? அவர்கள் எழுத்து.

எல்லாம் சுமுகம் என்றும் நினைக்க வேண்டாம். கிளாகர்ட் தன் பகையைக் கொட்டும் தனிப்பாடலுக்குப் பிரிட்டென் போட்ட இசை ஃபார்ஸ்டருக்குப் பிடிக்கவில்லை. தாம் எழுதிய வெறி அதில் இல்லை, சோர்வுதான் கேட்கிறது என்று கடிந்து எழுதினார். பெரிய எழுத்தாளருக்கும் இந்தக் கூட்டுத் தொழிலில் தன் சொல் தன் வசம் இராது. 1951 டிசம்பர் 1 அன்று ராயல் ஓபரா அரங்கத்தில் அரங்கேறியது.

அதற்குமேல் குரோசியர் பிரிட்டெனுக்கு எழுதவில்லை. பிரிட்டெனோடு வேலை செய்தவர்களில் பலருக்கு இப்படி ஒரு முடிவு நாள் வந்திருக்கிறது. முன்பே ஒருநாள், ஸ்லேட்டரைப் போல நீங்களும் ஒதுக்கப்பட்டவர் பட்டியலில் சேர்வீர்கள் என்ற பொருளில் பிரிட்டென் தம்மிடம் சொன்னதாகக் குரோசியர் பின்னாளில் குறித்துவைத்தார். தேவைக்கு எழுதுகிறவர் கொடுக்கும் விலை இது. தேவை முடிந்தால் அழைப்பும் முடியும். இதை மறைத்துவிட்டு இந்தத் தொழிலைப் புகழ்ந்தால் உங்களை ஏமாற்றியவன் ஆவேன்.

அவர் முடங்கவில்லை. 1956இல் இசையமைப்பாளர் லெனாக்ஸ் பெர்க்லிக்கு விவிலியத்து ரூத் கதையை ஓபராவாக எழுதிக் கொடுத்தார். அயல்மொழி ஓபராக்களை ஆங்கிலத்தில் பாடும்படி மொழிபெயர்த்தார். அவருடைய மனைவி நான்சி எவன்ஸ் பெயர் பெற்ற பாடகி. லுக்ரீஷியாவாகப் பாடியவர்களில் ஒருவர்.

குரோசியர் தொடங்கிய தொலைக்காட்சி என்ன ஆயிற்று? அதுவும் ஓபராவைத் தேடி வந்தது. 1951 கிறிஸ்துமஸுக்கு முதல் நாள் இரவு அமெரிக்காவில் என்.பி.சி. தொலைக்காட்சி, இசையமைப்பாளர் மெனோட்டி தாமே எழுதி இசையமைத்த ‘அமாலும் இரவு விருந்தினரும்’ ஓபராவை நேரடியாக ஒளிபரப்பியது. தொலைக்காட்சிக்கென்றே எழுதிய ஓபரா அது. மறு ஆண்டு அதே நிறுவனம் ‘பில்லி பட்’டைச் சுருக்கி அமெரிக்க வீடுகளுக்குள் கொண்டுபோயிற்று. 1966இல் பி.பி.சி. அதைப் படம்பிடித்து ஒளிபரப்பியது. பிரிட்டெனே 1971இல் பி.பி.சி. தொலைக்காட்சிக்கென்று ‘ஓவன் விங்கிரேவ்’ செய்தார். எழுதியவர் மைஃபன்வி பைப்பர். குரோசியர் தனி மனிதராகக் கடந்த பாலத்தில் பிறகு ஊரே நடந்தது.

இப்போது என் கேள்விக்குத் திரும்புகிறேன். தேவைக்கு எழுதுவது தாழ்வா?

கோட்டு மாட்டும் நேரத்துக்கு வசனம் எழுதுவது தாழ்வா? பன்னிரண்டு வாத்தியக்காரருக்கு ஓபரா எழுதுவது தாழ்வா? பள்ளிப் பிள்ளையின் குரல் எட்டும் உயரத்துக்குள் ஒரு புனிதரின் வாழ்க்கையை எழுதுவது தாழ்வா? பாடகர்கள் காத்திருக்கும்போது பேனாவை மூடிவைப்பது தாழ்வா? தேவை தெரியாமல் எழுதுவதுதான் தாழ்வு. யார் பாடுவார், எவ்வளவு மூச்சு இருக்கிறது, எத்தனை பேர் கேட்பார் என்று எண்ணாமல் எழுதிவிட்டு, பாடகர் கெடுத்தார், இயக்குநர் கெடுத்தார் என்று புலம்புவதுதான் தாழ்வு.

நிகழ்ச்சி நடத்துகிற பெரியவர்களுக்கு ஒரு விண்ணப்பம். அழைப்பிதழில் பாடுபவர் பெயர் போடுகிறீர்கள், இசை பெயர் போடுகிறீர்கள், ஒலிபெருக்கி கொடுத்தவர் பெயர்கூடப் போடுகிறீர்கள். எழுதியவர் பெயரையும் போடுங்கள். மற்றவர்களோடு சேர்த்து அவருக்கும் உரிய பணம் கொடுங்கள்.

இளைஞர்களே, உங்களுக்கு ஒன்று. நாளை யாராவது வந்து, ‘பள்ளி விழா, இருபது நிமிடம், ஏழு பிள்ளைகள், ஒரு ஹார்மோனியம், ஒரு மிருதங்கம், நாடகம் வேண்டும்’ என்று கேட்டால், நம்மை யார் என்று நினைத்தான் என்று முகம் சுளிக்காதீர்கள். ஒரு தாளை எடுத்துக்கொள்ளுங்கள். ‘அந்த ஏழு பேரில் நன்றாகப் பாடுகிறவர் யார்? கூச்சப்படுகிறவர் யார்?’ என்று கேளுங்கள். பெயர்களை எழுதிக்கொள்ளுங்கள். கூச்சப்படுகிற பிள்ளைக்கும் ஒரு நல்ல பாத்திரம் கிடைக்கும்படி எழுதத் தொடங்குங்கள்.